தனித்திருப்பவரின் கிறிஸ்துமஸ்: நகைச்சுவைப் படங்கள் சிலவற்றைப் பற்றிய மதிப்புரை

டிசம்பர் நெருங்கும்போதெல்லாம் ஓடிடி தளங்களின் முகப்பில் கிறிஸ்துமஸ் நகைச்சுவைப் படங்கள் வரிசைகட்டி நிற்கத் தொடங்குகின்றன. அவற்றில் பெரும்பாலானவை ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை. பெருநகரத்தில் வேலையே கதியென்று இருக்கும் ஒருவர் ஏதோ ஒரு காரணத்தால் பனி பெய்யும் சிற்றூருக்கு வருகிறார். அங்கே ஒரு குடும்பம் அவரைச் சேர்த்துக்கொள்கிறது. கடைசிப் பத்து நிமிடங்களில் அலங்கரித்த மரத்தில் விளக்குகள் எரிய, அதுவரை இருந்த தனிமை சுவடின்றி மறைந்துபோகிறது. இத்தகைய படங்களுக்குத் தனிமை ஒரு குணக்கேடு, குடும்பம் அதற்கான மருந்து. மருந்தை உட்கொள்ள மறுப்பவர் சிடுமூஞ்சியாகவும், உட்கொண்டவர் நல்லவராகவும் காட்டப்படுகிறார். பண்டிகை நாளை உண்மையிலேயே தனியாகக் கழிக்கும் ஒருவர் இவற்றைப் பார்த்தால் ஆறுதல் பெறுவதைவிட, தாமே ஏதோ தவறு செய்துவிட்டதுபோல் குறுகிப்போவதற்கே வாய்ப்பு அதிகம்.

இந்த மதிப்புரைக்காக நான் எடுத்துக்கொண்டிருக்கும் படங்கள் வேறு வகையானவை. தனித்திருப்பவர் தம் நிலையைப் பிறர் கண்ணில் படாமல் மறைப்பதற்கு எவ்வளவு பாடுபடுகிறார் என்பதை இவற்றை உருவாக்கியவர்கள் அறிந்திருக்கிறார்கள். சிரிப்பு அந்தப் பாட்டிலிருந்தே எழுகிறது. சிரிப்பு தனிமையிலிருந்து பிறக்கிறதா, அல்லது தனிமையை மறக்கச் செய்வதற்காக மேலே தூவப்பட்டதா என்ற ஒரு கேள்வியை வைத்துக்கொண்டே இவற்றை மதிப்பிடுகிறேன். முடிவுகளைத் தொடாமல் இவற்றைப் பற்றிப் பேசுவது கடினம் என்பதால், எதையும் முன்கூட்டி அறிய விரும்பாதவர்கள் படங்களின் பெயர்களை மட்டும் குறித்துக்கொண்டு, பார்த்தபின் திரும்பி வருவது நல்லது.

முதலில் சொல்ல வேண்டியது எர்ன்ஸ்ட் லூபிட்ஷ் இயக்கி 1940-இல் வெளிவந்த 'தி ஷாப் அரவுண்ட் தி கார்னர்'. புடாபெஸ்ட் நகரத்துக் கடையொன்றில் பணிபுரியும் இருவர், நேரில் ஓயாமல் சண்டையிட்டுக்கொண்டே, ஒருவரையொருவர் அறியாமல் கடிதம் வழியாகக் காதலித்துவருகிறார்கள். ஜேம்ஸ் ஸ்டூவர்ட்டும் மார்கரெட் சல்லவனும் நடித்த இந்தக் காதல் கதைதான் படத்துக்குப் பெயர் வாங்கித் தந்தது. ஆனால் கிறிஸ்துமஸ் படம் என்ற அளவில் அதன் உயிர் கடை முதலாளி மட்டூசெக்கிடம் இருக்கிறது. மனைவி தம்மை ஏமாற்றுகிறாள் என்று அறிந்து உயிரை மாய்த்துக்கொள்ள முயன்று, கடைப் பையனால் காப்பாற்றப்பட்டு, மருத்துவமனையிலிருந்து பண்டிகைக்கு முந்தைய மாலையில் கடைக்குத் திரும்புகிறார் அவர். அன்றைய விற்பனை அமோகம். ஊழியர்களுக்கு ஊக்கத்தொகை கொடுத்துவிட்டுக் கடை வாசலில் பனியில் நின்றுகொண்டு, வெளியேறும் ஊழியர்களிடம் இன்றிரவு என்ன செய்யப்போகிறீர்கள் என்று பேச்சுவாக்கில் விசாரிக்கிறார். ஒருவருக்குக் குடும்பம், மற்றொருவருக்குக் காதலி என்று எல்லோருக்கும் போவதற்கு ஓர் இடம் இருக்கிறது. ஒவ்வொரு பதிலுக்கும் மகிழ்ச்சி தெரிவித்து, வாழ்த்துச் சொல்லி அனுப்புகிறார். கடைசியில் புதிதாகச் சேர்ந்த எடுபிடிப் பையன் ஒருவன் வருகிறான். அவனுக்கு அந்த நகரத்தில் யாருமில்லை என்று தெரிந்த கணத்தில் கிழவரின் முகம் மலர்கிறது. வாத்துக்கறியும் வெள்ளரிக்காய் சாலட்டும் ஆப்பிள் ஸ்ட்ரூடலும் என்று அவர் உணவுப் பட்டியலை அடுக்கத் தொடங்கிவிடுகிறார்.

மட்டூசெக்காக வரும் ஃபிராங்க் மார்கன் இந்தக் காட்சியை நடித்திருக்கும் விதத்தைக் கூர்ந்து பார்க்க வேண்டும். அழைப்பை அவர் நேரடியாக விடுப்பதே இல்லை. மறுக்கப்பட்டால் மறுக்கப்பட்டதாகவே தெரியாதபடி, வெறும் நல விசாரிப்புபோல் அது அமைந்திருக்கிறது. முதலாளி என்ற பதவியின் பின்னால் நின்றுகொண்டு கையேந்தும் அந்த நாசூக்கு சிரிப்பையும் தொண்டை அடைப்பையும் ஒன்றாகக் கொண்டுவருகிறது. காட்சி முழுவதும் சில நிமிடங்களே நீடிக்கிறது; யாரும் அழுவதில்லை; தனிமை என்ற சொல்லை யாரும் உச்சரிப்பதும் இல்லை. பிற்காலத்தில் வந்த நூற்றுக்கணக்கான படங்கள் உரக்கச் சொல்லியும் சொல்ல முடியாமல் போனதை இது பேச்சுவழக்கு உரையாடலில் முடித்துவிடுகிறது. கறுப்பு வெள்ளைப் படம் என்று தள்ளிவைப்பவர்களுக்கு இந்த ஒரு காட்சிக்காகவாவது இதைப் பரிந்துரைப்பேன்.

இதே சிந்தனையை இருபது ஆண்டுகளுக்குப் பின் இன்னும் கசப்பான இடத்துக்குக் கொண்டுபோனவர் பில்லி வைல்டர். 1960-இல் வெளிவந்து சிறந்த படம், சிறந்த இயக்குநர் உட்பட ஐந்து ஆஸ்கார் விருதுகளைப் பெற்ற 'தி அபார்ட்மெண்ட்' படத்தில், 31,259 பேர் வேலை செய்யும் நியூயார்க் காப்பீட்டு நிறுவனம் ஒன்றின் எழுத்தர் பாக்ஸ்டர், பதவி உயர்வுக்காகத் தம் குடியிருப்பின் சாவியை மேலதிகாரிகளின் கள்ள உறவுகளுக்கு இரவல் கொடுத்துவருகிறார். தம் வீட்டுக்குள் நுழைய முடியாமல் குளிரில் தெருவில் காத்துக்கிடக்கிறார். சுவருக்கு அப்பால் கேட்கும் சத்தத்தை வைத்து அண்டை வீட்டு மருத்துவர் அவரைப் பெரிய பெண்பித்தர் என்று நம்பிக்கொண்டிருக்கிறார். ஊரிலேயே மிகத் தனிமையான மனிதருக்கு ஊரிலேயே மிகக் கொண்டாட்டமான மனிதர் என்ற பெயர் கிடைத்திருப்பதுதான் படத்தின் மூல நகைச்சுவை. அந்தப் பெயரை மறுக்காமல் சுமப்பதே அவருக்கு எளிதாக இருக்கிறது.

கிறிஸ்துமஸ் இப்படத்தின் நடுவில் வந்து அமர்ந்திருக்கிறது. அலுவலக விருந்தில் எல்லோரும் குடித்து ஆடிக்கொண்டிருக்கும்போது, மின்தூக்கியை இயக்கும் ஃப்ரான் என்ற பெண்ணின் உடைந்த கைக்கண்ணாடியைப் பார்த்து, தாம் நேசிப்பவளைத்தான் மேலதிகாரி தம் வீட்டுக்கு அழைத்துவருகிறார் என்பதைப் பாக்ஸ்டர் புரிந்துகொள்கிறார். அன்றிரவு அந்த மேலதிகாரி ஃப்ரானுக்குப் பரிசாக 100 டாலர் நோட்டு ஒன்றைக் கொடுத்துவிட்டு மனைவி மக்களிடம் ரயிலேறுகிறார். அவள் பாக்ஸ்டரின் வீட்டிலேயே தூக்க மாத்திரைகளை விழுங்குகிறாள். மறுநாள் காலை பாக்ஸ்டர் தொலைபேசியில் செய்தி சொல்லும்போது மறுமுனையில் தெரியும் வீடு கிறிஸ்துமஸ் அட்டையில் வரையப்படும் வீட்டைப் போலவே இருக்கிறது. அலங்கரித்த மரம், பரிசுகளைப் பிரிக்கும் பிள்ளைகள், மனைவி என எல்லாமும் அங்கே உண்டு. இரக்கம் மட்டும் கிடையாது. குடும்பம் இருக்கும் இடத்தில் அன்பு இருந்தே தீரும் என்ற பண்டிகைப் படங்களின் அடிப்படை நம்பிக்கையை இதைவிடத் தெளிவாகக் கேள்வி கேட்ட படம் எனக்குத் தெரிந்து வேறில்லை.

அதற்கு எதிர்ப்புறத்தில், உயிர் பிழைத்த ஃப்ரானுடன் பாக்ஸ்டர் சீட்டாடுகிறார், டென்னிஸ் மட்டையில் ஸ்பகெட்டியை வடிகட்டுகிறார், காதல் தோல்வியில் தாம் ஒரு காலத்தில் துப்பாக்கியால் சுட்டுக்கொள்ளப் போய் முழங்காலில் சுட்டுக்கொண்ட கதையைச் சிரிக்கச் சிரிக்கச் சொல்கிறார். துயரத்தை நகைச்சுவையாக மாற்றிச் சொல்வது இன்னொருவரின் உயிரைப் பிடித்து நிறுத்தும் வேலையாக இங்கே ஆகிறது. ஜாக் லெமன், ஷர்லி மெக்லேன் இருவருக்கும் ஈடு இணை இல்லை. ஒரு எச்சரிக்கை மட்டும் சொல்லியாக வேண்டும்: தற்கொலை முயற்சி இப்படத்தின் மையத்தில் இருக்கிறது; மருத்துவர் அந்தப் பெண்ணை விழித்திருக்கச் செய்வதற்காகக் கன்னத்தில் அறையும் காட்சி கடுமையானது. அப்படிப்பட்ட இழப்பைச் சந்தித்தவர்கள் பண்டிகை இரவில் இதைத் தனியே பார்க்கத் தொடங்குவதற்கு முன் யோசிப்பது நல்லது.

இவ்விரண்டு படங்களுடன் ஒப்பிடும்போது 1995-இல் வந்த 'வைல் யூ வேர் ஸ்லீப்பிங்' எடையில் குறைந்ததே. எனினும் தனிமைக்கும் குடும்பத்துக்கும் இடையிலான ஏக்கத்தை இவ்வளவு வெளிப்படையாகக் கதையாக்கிய வெகுஜனப் படம் அரிது. சிகாகோ நகர ரயில் நிலையத்தில் டோக்கன் வாங்கும் கூண்டில் வேலை பார்க்கும் லூசிக்குப் பெற்றோர் இல்லை, உடன்பிறந்தார் இல்லை. அதனாலேயே கிறிஸ்துமஸ் அன்று வேலைக்கு வரும்படி அவளிடம் கேட்கிறார்கள். மற்றவர்களுக்குக் குடும்பம் இருக்கிறது என்பது காரணம். பண்டிகை நாள்களில் பணிக்கு அமர்த்தப்படும் தனியர்கள் யாவரும் இந்த இடத்தில் தலையசைப்பார்கள். தண்டவாளத்தில் விழுந்த ஒருவரைக் காப்பாற்றும் அவளை, ஒரு தாதியின் தவறான புரிதலால், நினைவிழந்து கிடக்கும் அவருக்கு நிச்சயிக்கப்பட்ட பெண் என்று அவருடைய குடும்பம் நம்பிவிடுகிறது. உண்மையைச் சொல்ல அவளுக்குப் பல வாய்ப்புகள் கிடைக்கின்றன. ஆனால் அவர்கள் வீட்டில் தன் பெயரெழுதிய பரிசுக் காலுறை தொங்குவதைப் பார்த்தபின் அவளால் வாய் திறக்க முடியவில்லை.

கதையின் ஆள்மாறாட்டத்தைத் தர்க்கத்தின் முன் நிறுத்தினால் அது நிற்காது. அதைத் தாங்கிப் பிடிப்பவர் சாண்ட்ரா புல்லக். பொய் சொல்லும் ஒவ்வொரு முறையும் பொய்யின் ருசியும் குற்றவுணர்வும் ஒரே நேரத்தில் அவர் முகத்தில் ஓடுகின்றன. அந்தக் குடும்பத்தின் உணவு மேசைக் காட்சி இன்னொரு பலம். ஒருவர் பேசுவதை மற்றொருவர் கேட்காமல், உருளைக்கிழங்கு மசியலைப் பற்றியும் அர்ஜென்டினா மாட்டிறைச்சியைப் பற்றியும் எல்லோரும் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டிருக்க, லூசி ஆளுக்கு ஆள் முகம் திருப்பிப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். அந்த மேசையில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு அது வெறும் இரைச்சல். அவளுக்கோ கேட்டுத் தீராத விருந்து. தனியாக இருப்பவர் ஏங்குவது பெரும்பாலும் இப்படிப்பட்ட அற்பமான சலசலப்புக்குத்தான் என்பதை இயக்குநர் ஜான் டர்ட்டல்டாப் சரியாகப் பிடித்திருக்கிறார். அவள் யாரைக் காதலிக்கிறாள் என்ற கேள்விக்குப் படம் தரும் பதிலும் நேர்மையானது: முதலில் அவள் காதலித்தது அந்தக் குடும்பத்தை.

இனி 'ஹோம் அலோன்'. ஜான் ஹியூஸ் எழுதித் தயாரித்து, கிறிஸ் கொலம்பஸ் இயக்கிய இப்படம் 1990-இல் வெளிவந்தபோது ஏறத்தாழ 1.8 கோடி டாலரில் எடுக்கப்பட்டு உலக அளவில் 47 கோடி டாலருக்கும் மேல் ஈட்டியது. இவ்வளவு பெரிய வெற்றியைத் திருடர்களின் தலையில் விழும் இஸ்திரிப் பெட்டிக்கும் பெயின்ட் டப்பாவுக்கும் மட்டும் உரியதாக்கிவிடும் போக்கு உண்டு. அந்தப் பொறிக் காட்சிகள் குழந்தைகளைக் குலுங்கிச் சிரிக்க வைக்கின்றன என்பதில் ஐயமில்லை. ஆனால் அவை படத்தின் இறுதிப் பகுதியில்தான் வருகின்றன. அதற்கு முன் ஒரு மணி நேரத்துக்கும் மேலாக, பதினைந்து பேர் கொண்ட குடும்பக் கூட்டத்தில் யாராலும் கண்டுகொள்ளப்படாத கெவின் என்ற எட்டு வயதுச் சிறுவனின் கதை ஓடுகிறது. குடும்பம் அவனை மறந்து வீட்டிலேயே விட்டுவிட்டுப் பாரிஸுக்குப் போய்விட, எல்லோரும் மறைந்துபோக வேண்டும் என்று அவன் கோபத்தில் கேட்ட வரம் பலித்ததும் முதலில் ஆட்டம் போடுகிறான்; பிறகு பல் துலக்கும் பிரஷ்ஷும் பாலும் வாங்கத் தனியே கடைக்குப் போகிறான்; துணி துவைக்கிறான்; பெரியவர்களைப் போல் நடந்துகொள்கிறான். வீட்டில் தான் மட்டும் இருப்பது வெளியே தெரியக்கூடாது என்பதற்காக அட்டை உருவங்களையும் பொம்மைகளையும் கயிற்றில் கட்டி ஆட்டி, நிறைந்த வீட்டில் விருந்து நடப்பதாகச் சன்னல் திரையில் நிழலாடச் செய்கிறானே, அந்தக் காட்சியைப் படத்தின் மிகச் சிறந்த நகைச்சுவையாகக் கருதுகிறேன். தனிமையை மறைக்கும் கலையை ஒரு குழந்தை தானே கண்டுபிடிக்கிறான்.

அதற்கு இணையாக இன்னொரு தனிமையும் படத்தில் வளர்கிறது. பக்கத்து வீட்டுக் கிழவர் மார்லியைக் கொலைகாரர் என்று சிறுவர்கள் பேசிக்கொள்கிறார்கள். பண்டிகைக்கு முந்தைய இரவு தேவாலயத்தில் அவர் கெவினின் அருகில் வந்து அமர்கிறார். மகனுடன் ஏற்பட்ட சண்டையால் பல ஆண்டுகளாகப் பேச்சு இல்லை; பாடகர் குழுவில் பாடும் பேத்தியைப் பார்க்கத்தான் அவர் அங்கு ஒளிந்து வந்திருக்கிறார். பயத்தைப் பற்றி இருவரும் சமமானவர்கள்போல் பேசிக்கொள்கிறார்கள்: ஒருவருக்கு வீட்டு நிலவறையைக் கண்டால் பயம், மற்றவருக்கு மகனைத் தொலைபேசியில் அழைக்கப் பயம். மார்லியாக ராபர்ட்ஸ் பிளாசம் தாழ்ந்த குரலில் அளவோடு நடித்திருக்கிறார். ஜான் வில்லியம்ஸின் இசை பாடகர் குழுவின் குரலோடு கலந்து ஓடுகிறது. இந்தக் காட்சி இல்லாவிட்டால் அதைத் தொடரும் அடிதடி வெறும் வன்முறைதான்.

தாயின் பயணத்தையும் கவனியுங்கள். கேத்தரின் ஓஹாரா நடித்த கேட், பாரிஸ் விமான நிலையத்தில் தம் காதணிகளைக்கூடக் கொடுத்து இடம் வாங்கி, டல்லாஸ், ஸ்கிராண்டன் என்று அலைந்து, இறுதியில் போல்கா இசைக்குழுவின் வாகனத்தில் தொற்றிக்கொண்டு வருகிறார். ஜான் கேண்டி நடித்த இசைக்குழுத் தலைவர், தாம் ஒருமுறை தம் பிள்ளையை இறுதிச் சடங்கு நிலையத்தில் பிணத்தோடு விட்டுவிட்டு வந்த கதையைச் சொல்லி அவரைத் தேற்ற முயல்கிறார். ஆறுதல் சொல்லத் தெரியாதவரின் ஆறுதல் எவ்வளவு சிரிப்பூட்டக்கூடியது, எவ்வளவு அரியது என்பதற்கு அது சான்று. இவ்வளவு பாடுபட்டு அவர் வந்து சேர்ந்த சிறிது நேரத்தில், பொறுமையாகக் காத்திருந்து நேரடி விமானத்தில் ஏறிய மற்றவர்களும் வீட்டுக்குள் நுழைகிறார்கள். நடைமுறைக் கணக்கில் அவருடைய அலைச்சல் மிச்சப்படுத்தியது சில நிமிடங்களே. அப்படியும் அவர் போயிருக்கத்தான் வேண்டும் என்று பார்வையாளர் எவரும் சந்தேகமின்றி உணர்வார். 1992-இல் வந்த இரண்டாம் பாகம் அதே அமைப்பை நியூயார்க்குக்கு இடம்பெயர்த்து, கிழவருக்குப் பதிலாகப் புறாக்களோடு வாழும் பெண்ணை வைத்துக்கொண்டது. பிரெண்டா ஃபிரிக்கர் நன்றாக நடித்திருந்தும், அடிகளின் கனம் கூடிச் சிரிப்பு குறைந்த படம் அது. முதல் பாகம் போதும்.

குடும்பத்துக்கு நடுவே இருந்துகொண்டே தனித்திருப்பவருக்கு ஒரு படம் உண்டு. 1989-இல் வந்த 'கிறிஸ்துமஸ் வெக்கேஷன்' பெரும்பாலும் உரத்த, சில இடங்களில் கொச்சையான நகைச்சுவை. ஆனால் செவி சேஸ் நடித்த கிளார்க், உறவினர்கள் நிறைந்த தம் வீட்டின் பரணில் தவறுதலாகப் பூட்டப்பட்டு, குளிருக்குப் பழைய பெண்கள் உடைகளை மாட்டிக்கொண்டு, தம் சிறுவயதுக் கிறிஸ்துமஸ் படச்சுருளை ஓட்டிப் பார்க்கும் காட்சி ஒன்று உண்டு. கீழே உள்ளவர்கள் அவர் இல்லாததைக் கவனிக்காமலேயே வெளியே கிளம்பிப் போய்விடுகிறார்கள். விருந்தை ஏற்பாடு செய்பவரே விருந்தில் தனியாக இருப்பதைச் சில மணித்துளிகளில் சொல்லிவிட்டு, அடுத்த நொடியே அவரைப் பரண் கதவு வழியாகக் கீழே விழவும் வைத்துவிடுகிறார்கள்.

ஹாலிவுட்டை விட்டு வெளியே வந்தால், ஸ்பெயின் நாட்டு இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்காவின் 'பிளாசிடோ' (1961) காத்திருக்கிறது. சர்வாதிகாரி ஃபிராங்கோவின் ஆட்சிக்காலத்தில், தணிக்கையின் கண்முன்னே எடுக்கப்பட்ட படம். ஒரு சிற்றூரின் வசதியான குடும்பங்கள், பண்டிகை இரவில் ஏழை ஒருவரைத் தம் மேசையில் உட்கார வைக்கும் இயக்கம் ஒன்றை நடத்துகின்றன. பாத்திர நிறுவனம் ஒன்று அதற்கு விளம்பர ஆதரவு தருகிறது. அந்த ஊர்வலத்துக்குத் தம் மூன்று சக்கர வண்டியை ஓட்டும் பிளாசிடோவோ, அதே வண்டிக்கான தவணையை அன்றே கட்டியாக வேண்டும் என்று இரவு முழுக்க அலைகிறார். தர்மம் செய்வதில் மும்முரமாக இருக்கும் எவருக்கும் அவர் பேச்சைக் கேட்க நேரமில்லை. விருந்துக்கு அழைத்துவரப்பட்ட முதியவர் ஒருவர் சாகக் கிடக்கும்போது, அவர் மணமாகாமல் ஒரு பெண்ணுடன் வாழ்ந்தவர் என்று தெரிந்து, உயிர் போவதற்குள் திருமணம் செய்துவைத்துவிட வேண்டும் என்று வீட்டார் துடிக்கிறார்கள். சட்டகத்துக்குள் எந்நேரமும் பத்துப் பதினைந்து பேர் ஒரே சமயத்தில் பேசிக்கொண்டே இருக்கிறார்கள். வசன வரிகளைப் படித்து முடிப்பதே சிரமம். அந்தச் சிரமத்தைப் பொறுத்துக்கொள்பவர்களுக்கு இதன் சிரிப்பு நெடுநாள் உறுத்தும். அழைத்தவர் தம் பெருமைக்காக அழைத்தால், மேசையில் உட்கார்ந்திருப்பவரின் தனிமை பல மடங்காகிறது. ஆறுதல் தேடும் மனநிலையில் இதைப் பார்க்காதீர்கள். கோபப்படும் தெம்பு இருக்கும் நாளில் பாருங்கள்.

அண்மைக் காலப் படங்களில் இந்த வரிசைக்கு முழுத் தகுதியோடு வந்து சேர்ந்தது அலெக்சாண்டர் பெய்ன் இயக்கிய 'தி ஹோல்டோவர்ஸ்' (2023). சார்லஸ் டிக்கன்ஸ் 1843-இல் வெளியிட்ட கிறிஸ்துமஸ் கதையில், எல்லாப் பிள்ளைகளும் வீட்டுக்குப் போன பின் விடுதிப் பள்ளியில் தனியே விடப்பட்ட சிறுவனாகத் தாம் இருந்ததைக் கருமிக் கிழவர் ஸ்க்ரூஜுக்கு ஓர் ஆவி காட்டும் பகுதி உண்டு. கருமி மனம் திருந்துவதை மட்டும் எடுத்துக்கொண்ட எண்ணற்ற தழுவல்கள் அந்தச் சிறுவனை வேகமாகக் கடந்துவிட்டன. பெய்னின் படத்தைப் பார்க்கையில், அந்தப் பள்ளி அறைக்குள் ஒருவர் கடைசியில் பொறுமையாக உட்கார்ந்து பார்த்திருக்கிறார் என்று தோன்றுகிறது.

1970 டிசம்பர். மாசசூசெட்ஸ் மாநிலத்து விடுதிப் பள்ளி ஒன்றில் மூவர் மிஞ்சுகிறார்கள். மாணவர்கள், சக ஆசிரியர்கள் என எவருக்கும் பிடிக்காத பண்டைய வரலாற்று ஆசிரியர் ஹன்னம். புதுக் கணவருடன் தேனிலவுக்குப் போன தாயால் கடைசி நேரத்தில் கைவிடப்பட்ட மாணவன் ஆங்கஸ். அதே பள்ளியில் படித்த தம் ஒரே மகனை வியட்நாம் போரில் இழந்துவிட்ட சமையற்கூட நிர்வாகி மேரி. மேரியின் மகனுக்குக் கல்லூரிக்குப் போக வசதி இருந்திருந்தால் அவன் போருக்குப் போயிருக்க வேண்டியதில்லை. வசதி படைத்தவர்களின் பிள்ளைகளுக்கு மூன்று வேளை உணவு பரிமாறிக்கொண்டே அவர் அந்த உண்மையோடு வாழ்கிறார். தனிமைக்கும் வர்க்கத்துக்கும் உள்ள தொடர்பைப் பண்டிகைப் படங்கள் வழக்கமாகத் தொடுவதே இல்லை. இப்படம் அதைப் பிரசங்கம் செய்யாமல் கதையின் அடித்தளமாகவே வைத்திருக்கிறது. மேரியாக நடித்த டேவைன் ஜாய் ராண்டால்ஃபுக்குச் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கார் கிடைத்தது முற்றிலும் பொருத்தம். சக ஊழியர் வீட்டு விருந்தில் இசைத்தட்டுகளை மாற்றிக்கொண்டே குடித்து, பிறகு சமையலறையில் அவர் உடைந்துபோகும் காட்சியில் நடிப்பு என்று எதையும் பிரித்துக் காட்ட முடியாது.

பால் ஜியாமாட்டியின் ஹன்னம், மறைக்கும் கலையில் மட்டூசெக்குக்கு அடுத்த தலைமுறை. லத்தீன் மேற்கோள்களும் வசைச் சொற்களும் அவருடைய கோட்டைச் சுவர்கள். யாரும் தம்மை விரும்பமாட்டார்கள் என்று முன்பே முடிவு செய்துவிட்டதால், பிறர் தம்மை வெறுப்பதற்கான காரணங்களைத் தாமே தயாரித்துக் கொடுத்துவிடுகிறார். ஆங்கஸுக்கும் மேரிக்கும் அவர் கொடுக்கும் கிறிஸ்துமஸ் பரிசு ஒரே நூல்தான், ரோமப் பேரரசர் மார்கஸ் அரேலியஸின் சிந்தனைகள். நேசிக்க விரும்பியும் வழி தெரியாத ஒருவரின் பரிசு வேறு எப்படி இருக்கும்? மூவரும் சேர்ந்து ஒரு குடும்பமாகிவிட்டார்கள் என்று படம் அறிவிப்பதில்லை. விடுமுறை முடிகிறது, ஒவ்வொருவரும் அவரவர் வழியே போக வேண்டியிருக்கிறது. ஆங்கஸைக் காப்பதற்காக ஹன்னம் தம் வேலையை இழக்கிறார். இரண்டே வாரங்கள் நீடித்த ஓர் உறவு ஒருவரை இவ்வளவு செய்ய வைக்கும் என்று நம்பும்படி எழுதியிருக்கும் டேவிட் ஹெமிங்சனின் திரைக்கதையில், தொடக்கத்தில் மற்ற நான்கு மாணவர்களை வைத்து நகரும் பகுதி சற்று நீளம் என்பதைத் தவிர எனக்குக் குறை சொல்ல ஏதுமில்லை.

ஜப்பானிய அனிமேஷன் இயக்குநர் சதோஷி கோனின் 'டோக்கியோ காட்ஃபாதர்ஸ்' (2003) இதே மூவர் அமைப்பைத் தெருவுக்குக் கொண்டுவருகிறது. குடிகாரரான ஜின், திருநங்கையான ஹனா, வீட்டைவிட்டு ஓடிவந்த சிறுமி மியுகி ஆகிய வீடற்ற மூவர், கிறிஸ்துமஸ் இரவில் குப்பைக் குவியலில் ஒரு பச்சிளங்குழந்தையைக் கண்டெடுக்கிறார்கள். காவல் நிலையத்தில் ஒப்படைப்பதை விட்டு, தாயைத் தேடிப் புறப்படுகிறார்கள். தாயாக வேண்டும் என்ற ஹனாவின் தீராத ஆசையே அதற்குக் காரணம். தற்செயல் நிகழ்வுகள் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழுகின்றன, அவற்றை ஒளிக்காமல் அற்புதங்களாகவே கோன் கொண்டாடுகிறார். மூவரும் தாம் வீட்டைப் பிரிந்த காரணத்தை ஆளுக்கொரு விதமாகத் திரித்தே சொல்லிவந்திருக்கிறார்கள். ஜின் தம்மைப் பந்தய மிதிவண்டி வீரர் என்று சொல்லிக்கொண்டிருந்தது அவற்றில் ஒன்று. குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஊரைச் சுற்றும்போது ஒவ்வொரு பொய்யும் கழன்று விழுகிறது. பெற்ற குடும்பத்தைப் பிரிந்தவர்களுக்குத் தாமாகச் சேர்த்துக்கொண்ட குடும்பமே போதும் என்று சொல்லி முடித்துவிடுவது எளிது. கோன் அவ்வாறு முடிக்காமல், பழைய வீட்டின் கதவையும் அவர்களைத் தட்ட வைக்கிறார். அனிமேஷன் என்பதால் சிறு குழந்தைகளுக்குப் போட்டுவிட வேண்டாம். வன்முறையும் கசப்பும் நிறையவே உண்டு.

நல்ல தருணங்கள் இருந்தும் நான் முழுமனதோடு பரிந்துரைக்க இயலாத படங்கள் சில. 'எல்ஃப்' (2003) படத்தின் முற்பாதி அருமை. வட துருவத்தில் குட்டி மனிதர்களிடையே வளர்ந்த ராட்சத உருவமாக வில் ஃபெரலைக் காட்ட, கணினி வரைகலையை நம்பாமல், ஒருவரைக் கேமராவுக்கு அருகிலும் மற்றவரைத் தொலைவிலும் நிறுத்தி அளவை ஏமாற்றும் பழைய உத்தியை இயக்குநர் ஜான் ஃபாவ்ரோ கையாண்டிருக்கிறார்; தான் பொருந்தவில்லை என்பதையே அறியாத ஒருவரின் தனிமை அதனால் கண்ணுக்கே தெரிகிறது. பிற்பாதியோ பறக்கும் வண்டியைக் காப்பாற்றும் வழக்கமான துரத்தலில் கரைந்துவிடுகிறது. மகனை ஏற்க மறுத்த தந்தையின் மனமாற்றமும் கதைக்குத் தேவைப்பட்ட நேரத்தில் நிகழ்ந்துவிடுகிறது. 'லவ் ஆக்சுவலி' (2003) படத்தின் பல கிளைக்கதைகளில், புகழ் திரும்பிய இரவில் பெரிய விருந்தை விட்டுவிட்டுத் தம் மேலாளரின் வீட்டுக்கு வரும் வயதான பாடகரின் கதையும், மனநலம் குன்றிய சகோதரனுக்காகத் தன் காதலைக் கைவிடும் பெண்ணின் கதையும் மட்டும் நினைவில் நிற்கின்றன. மற்றவை மேலோட்டமானவை. பில் முர்ரே நடித்த 'ஸ்க்ரூஜ்ட்' (1988) குழந்தைப் பருவத்தில் தொலைக்காட்சியையே குடும்பமாகக் கொண்டு வளர்ந்த ஒருவரைப் பற்றியது என்ற அளவில் கூர்மையாகத் தொடங்கி, இறுதியில் கேமராவைப் பார்த்து நிகழ்த்தப்படும் நீண்ட உரையில் அந்தக் கூர்மையை இழக்கிறது.

பண்டிகை இரவைத் தனியே கழிக்கப்போகிறவர் ஒரு படத்தை மட்டும் கேட்டால், 'தி ஹோல்டோவர்ஸ்' என்பேன். குழந்தைகள் உடனிருந்தால் 'ஹோம் அலோன்' முதல் பாகம். தேவாலயக் காட்சியின்போது தண்ணீர் குடிக்க எழுந்து போகாமல் பெரியவர்களும் உட்கார்ந்து பார்க்க வேண்டும். குடும்பத்தோடு இருந்தும் மூச்சு முட்டுகிறவர்கள், எல்லோரும் தூங்கியபின் 'தி அபார்ட்மெண்ட்' போட்டுக்கொள்ளலாம். லூபிட்ஷின் படத்தை எந்த வீட்டிலும், யாருடனும், எத்தனை முறை வேண்டுமானாலும் பார்க்கலாம்.